ஸ்லோ குக்கரில் மாட்டுக்கறி பாட் ரோஸ்ட்: சேலத்திலும் ஏற்காட்டிலும் சமைப்பவர்கள் கேட்கும் கேள்விகள்

வெட்டாத பெரிய மாட்டுக்கறித் துண்டை, மூடிய பாத்திரத்தில், கொஞ்சமே சாறு விட்டு, மணிக்கணக்கில் மெதுவாக வேகவைப்பதுதான் பாட் ரோஸ்ட். அமெரிக்க வீடுகளில் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு. ஸ்லோ குக்கர் என்பது பீங்கான் பாத்திரத்தை மின்சாரத்தால் மெல்லச் சூடாக்கும் கருவி; சூட்டுக்கு 'லோ', 'ஹை' என்று நிலைகள் இருக்கும். இணையத்தில் கிடைக்கும் செய்முறைகள் பெரும்பாலும் அந்த ஊர் மாட்டுக்கும் அந்த ஊர் மின்சாரத்துக்கும் எழுதியவை. அதில் போட்டிருக்கும் எட்டு மணி நேரத்தை நம்பி வைத்துவிட்டு, சாப்பாட்டு நேரத்தில் மூடியைத் திறந்து முகம் வாடுகிறவர்கள் நம் பக்கம் நிறைய. கேள்விகளும் அங்கிருந்துதான் கிளம்புகின்றன.

முதலில் அளவையும் செய்முறையையும் சொல்லிவிடுங்களேன்?

சரி. 4 முதல் 5 லிட்டர் பிடிக்கும் ஸ்லோ குக்கர் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஐந்தாறு பேர் சாப்பிடலாம். எலும்பில்லாத சப்பைக்கறி ஒரே துண்டாக ஒன்றரை கிலோ. உரித்த சின்ன வெங்காயம் கால் கிலோ, ஒரு முழுப் பூண்டு, தக்காளி 2, கேரட் 3, உருளைக்கிழங்கு 4. முழு மிளகு ஒரு தேக்கரண்டி, காய்ந்த மிளகாய் 3, பிரிஞ்சி இலை 2, சுண்டுவிரல் நீளத்துக்குப் பட்டை, கிராம்பு 2, வினிகர் ஒரு மேசைக்கரண்டி. உப்பு 20 கிராம், அதாவது தூள் உப்பாக மூன்று தேக்கரண்டிக்குச் சற்று மேல்.

முந்தின நாளே கறி முழுக்க உப்பைத் தடவி, மூடி ஃப்ரிட்ஜில் வையுங்கள். உப்பு உள்ளே இறங்க நேரம் வேண்டும். சமைக்கும்போது கறியை வெளியே எடுத்து, துணியால் ஈரத்தை ஒற்றி எடுங்கள். இரும்பு வாணலி நன்றாகக் காய்ந்ததும் எண்ணெய் விட்டு, ஒவ்வொரு பக்கமும் மூன்று நான்கு நிமிடம், ஆழ்ந்த பழுப்பு நிறம் வரும்வரை சிவக்க விடுங்கள். கறியை எடுத்துவிட்டு அதே வாணலியில் வெங்காயம், பூண்டு, தக்காளி, மசாலாச் சாமான் எல்லாவற்றையும் வதக்கி, வினிகரும் அரை டம்ளர் தண்ணீரும் விட்டு, அடியில் ஒட்டியிருப்பதைச் சுரண்டிக் கலக்குங்கள். குக்கரின் அடியில் கேரட்டும் உருளைக்கிழங்கும், அவற்றின் மேல் கறி, கறியின் மேல் வதக்கியது. மூடி, 'லோ'வில் வைத்துவிட்டு வேறு வேலையைப் பாருங்கள்.

சேலத்தில் பத்து மணி நேரம், ஏற்காட்டில் பன்னிரண்டு என்று உத்தேசமாக வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் வெந்துவிட்டது என்று சொல்ல வேண்டியது கடிகாரம் இல்லை. ஒரு முள்கரண்டியை நடுவில் குத்தி லேசாகத் திருகுங்கள். கறி இழை இழையாகப் பிரிந்து கொடுத்தால் ஆயிற்று. முரண்டு பிடித்தால் மூடிவிட்டு இன்னும் ஒரு மணி நேரம். வெந்ததும் வெளியே எடுத்துப் பதினைந்து நிமிடம் ஆறவிட்டு, நாருக்குக் குறுக்கே வெட்டுங்கள்.

கறிக்கடையில் எந்தப் பகுதியைக் கேட்பது?

முன்சப்பை. மாடு நாள் முழுக்க நடந்து, இழுத்து, உழைத்த பகுதி என்பதால் ஜவ்வும் கொழுப்பும் ஊடும் பாவுமாக ஓடியிருக்கும். அதுதான் நமக்கு வேண்டும். அடுத்தது நெஞ்சுக்கறி; கொழுப்பு கொஞ்சம் கூடுதல், ருசியும் கூடுதல். கால் தசையும் அருமையாக வரும், ஆனால் இன்னும் ஒரு மணி நேரம் கேட்கும்.

ஜவ்வே இல்லாமல் சிவப்பாக, பார்க்க அழகாக இருக்கும் தொடைக்கறியை 'நல்ல பீஸ்' என்று எடுத்துக் கொடுப்பார்கள். மறுத்துவிடுங்கள். வறுவலுக்கு அது நல்லது. பத்து மணி நேரம் வேகவைத்தால் வறண்டு, வாயில் மரத்தூளாகிவிடும். அண்டர்கட் என்று விற்கும் முதுகின் உள்தசையைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். விலை கூடிய அதை இந்தச் சமையலில் போடுவது அதன் மென்மையை வீணாக்குவது. பாட் ரோஸ்டுக்குக் கடினமான கறியே சரியான கறி. இதை மனதில் வாங்கிக்கொண்டால் பாதிக் கேள்விகளுக்கு விடை கிடைத்துவிடும்.

கடைக்காரர் கேட்பதற்கு முன்பே பொடித்துண்டாக வெட்டிவிடுகிறார். அதை வைத்துச் செய்யலாமா?

செய்யலாம், ஆனால் அது பாட் ரோஸ்ட் இல்லை, குழம்பு. சின்னத் துண்டு சீக்கிரம் வேகும், சாற்றை எல்லாம் வெளியே விட்டுவிடும், பத்து மணி நேரத்தில் கரைந்தும் போகும். கத்தியை எடுப்பதற்கு முன்பே சொல்லிவிட வேண்டும்: "பாய், பொடியா வெட்டிறாதீங்க. சப்பையில ஒரே பீஸா ஒன்றரை கிலோ குடுங்க." ஞாயிற்றுக்கிழமை காலைக் கூட்டத்தில் இதைக் கேட்டால் முறைப்பார். வெள்ளியோ சனியோ, கூட்டமில்லாத நேரத்தில் போனால் நின்று நிதானமாக எடுத்துத் தருவார். எப்படியும் கறியை முன்கூட்டியே வாங்குவது நல்லது. காரணம் அடுத்த கேள்வியில்.

காலையில் வெட்டிய கறியை அன்றைக்கே வைத்தால்தானே ருசி?

மீனுக்கு அது சரி. மாட்டுக்கறிக்குச் சரியில்லை. மாடு வெட்டப்பட்ட சில மணி நேரத்தில் தசைகள் விறைக்கத் தொடங்கும். அந்த விறைப்பு தளர ஒரு நாளாவது ஆகும்; அதற்குப் பிறகும் தசையில் இருக்கும் நொதிகளே கறியை மெல்ல மெல்ல இளக்கிக்கொண்டிருக்கும். மேலை நாடுகளில் மாட்டுக்கறியை நாள்கணக்கில், வாரக்கணக்கில் குளிரில் தொங்கவிட்டு விற்பது இதற்காகத்தான்.

நம் வீட்டு ஃப்ரிட்ஜில் அவ்வளவு நாள் வைக்க முடியாது. உப்புத் தடவி, கீழ்த்தட்டில், ஒரு நாள் முதல் இரண்டு நாள் வரை வைத்தால் போதும், வித்தியாசம் தெரியும். ஒன்றை மட்டும் செய்யாதீர்கள்: சூடு ஆறாத கறியை வாங்கிவந்த கையோடு ஃப்ரீசரில் போடுவது. விறைப்பு வருவதற்கு முன்பே உறைந்துபோன தசை, பனி உருகும்போது இழுத்துச் சுருங்கிக்கொள்ளும். பிறகு எவ்வளவு வேகவைத்தாலும் கொஞ்சம் கெட்டியாகவே இருக்கும்.

எட்டு மணி நேரம் வைத்தும் ரப்பர் மாதிரி இருக்கிறது. அதிகம் வெந்துவிட்டதா?

இல்லை, வேகவில்லை. இந்தக் குழப்பம்தான் நிறையப் பேரைத் தடுமாற வைக்கிறது.

கறிக்குள் இரண்டு விதமான சமாச்சாரம் இருக்கிறது. ஒன்று தசை நார். சூடு ஏற ஏற அது சுருங்கி நீரை வெளியே தள்ளும். மற்றொன்று அந்த நார்களைக் கட்டிவைத்திருக்கும் ஜவ்வு, அதாவது கொலாஜன். 60 டிகிரி செல்சியஸைத் தாண்டியதும் அதுவும் முதலில் சுருங்கி, நார்களை இன்னும் இறுக்கிப் பிழியும். அந்தக் கட்டத்தில் நீங்கள் திறந்து பார்த்தால் கறி பச்சையாக இருந்ததைவிடக் கடினமாக இருக்கும். பயந்துபோய் அடுப்பை அணைப்பவர்கள் அங்கேதான் அணைக்கிறார்கள். பொறுத்திருந்தால், 70 டிகிரிக்கு மேல் அந்தக் கொலாஜன் மெதுவாக ஜெலட்டினாக மாறத் தொடங்கும். 85, 90 என்று ஏறும்போது வேகம் பிடிக்கும். ஆட்டுக்கால் சூப் ஆறினதும் விரலில் ஒட்டுகிறதே, அதே ஜெலட்டின்தான். வறண்டுபோன நார்களுக்கு இடையே அது ஊறி நிற்பதால்தான் நாக்குக்குக் கறி ஈரமாகவும் மெத்தென்றும் படுகிறது. சமையல் வெப்பமானி வைத்திருப்பவர்களுக்கு: துண்டின் நடுவே 93 முதல் 96 டிகிரி வரை வந்து, அங்கேயே கொஞ்ச நேரம் நிற்க வேண்டும். ஏற்காட்டில் 92, 93-ஐத் தாண்டாது. அதே சூட்டில் இன்னும் கொஞ்ச நேரம் நிறுத்துங்கள்.

அமெரிக்கச் செய்முறையில் எட்டு மணி நேரத்தில் வருவது இங்கே வராததற்கும் காரணம் உண்டு. அங்கே கறிக்கென்றே தீனி போட்டு வளர்த்து, ஒன்றரை இரண்டு வயதில் வெட்டப்படும் மாடு. நம் சந்தைக்கு வருவது பெரும்பாலும் ஏர், வண்டி என்று உழைத்து ஓய்ந்த காளையோ, கறவை நின்ற எருமையோ. வயது கூடக்கூடக் கொலாஜன் இழைகள் ஒன்றோடொன்று பின்னி உறுதியாகும். கரைய நேரமும் கூடும். அதனால் அந்த ஊர்ச் செய்முறை எதை எடுத்தாலும் இரண்டு மணி நேரத்தைக் கண்ணை மூடிக்கொண்டு கூட்டிவிடுங்கள். இளங்கன்றின் கறியைவிட இந்த வயதான கறிக்கு ருசி ஆழம் என்பது என் கட்சி. பொறுமைதான் கூடுதலாகச் செலவழிகிறது.

உண்மையிலேயே அதிகம் வெந்துபோனால் எப்படி இருக்கும்? தொட்டாலே உதிரும், ஆனால் வாயில் வறவறவென்று இருக்கும். கடிக்க முடியாத கறி வேறு, உதிர்ந்து வறண்ட கறி வேறு.

சேலத்தில் நன்றாக வந்த அதே அளவு ஏற்காட்டில் வேகவே இல்லை. ஏன்?

உயரம். சேலம் நகரம் கடல் மட்டத்திலிருந்து 300 மீட்டருக்கும் கீழே இருக்கிறது. தண்ணீர் ஏறத்தாழ 99 டிகிரியில் கொதிக்கும். இருபது கொண்டை ஊசி வளைவு ஏறிப் போனால் ஏற்காடு சுமார் 1,500 மீட்டர். அங்கே காற்றழுத்தம் குறைவு, தண்ணீர் 95 டிகிரியிலேயே கொதித்துவிடும். எவ்வளவு தீயைக் கூட்டினாலும் திறந்த பாத்திரத்தில் அதற்கு மேல் சூடு ஏறாது. மலையில் பருப்பு வேக நேரமாகும் என்று அங்கே வீடு எடுத்தவர்கள் எல்லோருக்கும் தெரியும். அதே கதைதான். நாலு டிகிரி பெரிதா என்று தோன்றும். ஜவ்வு கரைவதும் காய்கறி வேகுவதும் அந்த மேல்முனையில்தான் வேகமாக நடக்கின்றன. நாலு டிகிரி போனால் இரண்டு மணி நேரம் போகும்.

டிசம்பர், ஜனவரி குளிரில் இன்னும் ஒன்று சேரும். ஸ்லோ குக்கர் என்பது சின்னச் சூட்டில் வேலை செய்யும் கருவி. ஜன்னலைத் திறந்து வைத்து, பனிக்காற்று அடிக்கிற மேடையில் வைத்தால், அது தரும் சூட்டில் ஒரு பங்கு அறைக்கே போய்விடும். காற்று படாத மூலையில் வையுங்கள். போர்வை, துண்டு எதையும் சுற்றாதீர்கள், தீப்பிடிக்கும் ஆபத்து.

மூன்றாவது காரணத்தைப் பலரும் கவனிப்பதில்லை: வோல்டேஜ். ஊருக்கு ஒதுக்குப்புறமான எஸ்டேட் லைன்களில் மாலை நேரத்தில் 190 வோல்ட்டுக்கு இறங்குவது உண்டு. வெப்பக் கம்பி தரும் சூடு வோல்டேஜின் வர்க்கத்துக்கு ஏற்பக் குறையும். 230-க்கு 190 என்றால் சூடு மூன்றில் இரண்டு பங்குக்குச் சற்று மேல் மட்டுமே. உங்கள் குக்கர் போதிய சூடு தருகிறதா என்று பார்க்க எளிய வழி இருக்கிறது. பாதிக்கு மேல் தண்ணீர் ஊற்றி, மூடி, 'லோ'வில் எட்டு மணி நேரம் வைத்து, திறந்தவுடன் வெப்பமானியால் பாருங்கள். 85 டிகிரிக்குக் குறையாமல் இருக்க வேண்டும். குறைந்தால் 'ஹை'யில் சமையுங்கள், அல்லது ஸ்டெபிலைசர் போடுங்கள்.

'லோ'வா, 'ஹை'யா?

பெரும்பாலான குக்கர்களில் இரண்டும் கடைசியில் போய்ச் சேர்வது கிட்டத்தட்ட ஒரே சூட்டுக்குத்தான். 'ஹை' சீக்கிரம் போய்ச் சேரும், 'லோ' மெதுவாக. நேரம் இருந்தால் 'லோ' நல்லது. ஏற்காட்டில் முதல் ஒரு மணி நேரம் 'ஹை', பிறகு 'லோ' என்று வைப்பது புத்திசாலித்தனம். கறி இளஞ்சூட்டிலேயே நெடுநேரம் கிடக்காது. முழுக்க 'ஹை' என்றால் சேலத்தில் ஆறு முதல் ஏழு மணி நேரம் ஆகும்.

இடையில் மூடியைத் திறந்து கிளறலாமா?

வேண்டாம். ஒவ்வொரு முறை திறந்தாலும் இருபது முப்பது நிமிடச் சூடு போய்விடும். அடிபிடிக்காது, பயப்படாதீர்கள். கண்ணாடி மூடி வழியாகப் பார்த்துக்கொள்ளலாம். மாமியார் வந்து திறந்தால் மட்டும் ஒன்றும் செய்வதற்கில்லை.

சிவக்க வறுப்பது அவசியமா? அது சாற்றை உள்ளே பூட்டி வைக்கும் என்கிறார்களே?

சாற்றைப் பூட்டாது. வறுத்த கறியும் வேகும்போது நீரை விடத்தான் செய்யும். ஆனால் வறுக்கத்தான் வேண்டும், நிறத்துக்கும் மணத்துக்கும். சுமார் 140 டிகிரிக்கு மேல்தான் கறியின் புரதமும் சர்க்கரையும் சேர்ந்து அந்தப் பழுப்பும் வாசனையும் உண்டாகும். ஈரத்தில் 100 டிகிரியைத் தாண்டாத ஸ்லோ குக்கருக்குள் அது ஒருநாளும் நடக்காது. வறுக்காமல் போட்டால் கறி மெத்தென்று வெந்திருக்கும், ஆனால் சாம்பல் நிறத்தில், ஆஸ்பத்திரிச் சாப்பாடு ஞாபகம் வரும்.

இரண்டு விஷயம் பாருங்கள். கறி ஈரமாக இருந்தால் வறுபடாது, அவியும். வாணலியில் வைத்தவுடன் புரட்ட முயலாதீர்கள்; சரியாகச் சிவந்ததும் தானே ஒட்டை விடும்.

தண்ணீர் எவ்வளவு?

அரை டம்ளர், மிஞ்சினால் ஒரு டம்ளர். கறியை மூழ்கடிக்காதீர்கள். ஒன்றரை கிலோ கறி வேகும்போது எடையில் மூன்றில் ஒரு பங்கு வரை குறையும். அப்படி வெளியேறும் நீரில் பெரும்பகுதி குக்கருக்குள்ளேதான் தேங்கும். மூடி ஆவியை வெளியே விடாது. காலையில் வைத்த அரை டம்ளர் மாலையில் மூன்று டம்ளராக இருக்கும்.

கறி வெந்துவிட்டது, உருளைக்கிழங்கு மட்டும் நறுக்கென்று இருக்கிறது. எப்படி?

இது தலைகீழாகத் தோன்றும், ஆனால் ஸ்லோ குக்கரில் கிழங்குதான் கடைசியில் வேகும். காய்கறியின் செல்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டின் இளக 85 டிகிரிக்கு மேல் வேண்டும். கறியோ 70-லேயே இளக ஆரம்பித்துவிடுகிறது. அதனால்தான் காய்கறியை அடியிலும் ஓரத்திலும், வெப்பம் நேராகப் படுகிற இடத்தில் வைக்கச் சொல்வது.

புளிப்பும் ஒரு காரணம். தக்காளி, வினிகர், புளி எல்லாம் பெக்டினைக் கெட்டியாகப் பிடித்து வைக்கும். சாம்பாரில் காய் வெந்த பிறகு புளி விடுவது எதற்காகவோ அதற்காகத்தான் இங்கேயும். நான் சொன்ன அளவு வினிகரும் தக்காளியும் பிரச்சினை செய்யாது. புளிப்பு கூடுதலாக வேண்டும் என்பவர்கள் கடைசி ஒரு மணி நேரத்தில் சேருங்கள். ஏற்காட்டில் சமைப்பவர்கள் உருளைக்கிழங்கைப் பாதி வேகவைத்துப் போடுவது நல்லது.

கிரேவி தண்ணீராக இருக்கிறது. சோள மாவுதான் போட வேண்டுமா?

சேலத்தில் இருந்துகொண்டு இந்தக் கேள்வியா! நம்மைச் சுற்றி மரவள்ளிக் கிழங்கு அரைக்கும் ஆலைகள். 2023-ல் சேலம் ஜவ்வரிசிக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. அமெரிக்கப் பாட்டிகளும் பாட் ரோஸ்டைக் கெட்டிப்படுத்த மரவள்ளியைத்தான் போடுகிறார்கள். அங்கே அது சின்ன டப்பாவில், குருணையாக விற்கிறது.

இரண்டு வழி. ஒன்று, மாவு ஜவ்வரிசி இரண்டு மேசைக்கரண்டியை மிக்ஸியில் ரவை போல உடைத்து, ஆரம்பத்திலேயே காய்கறியின் மேல் தூவிவிடுவது. பத்து மணி நேரத்தில் தடம் தெரியாமல் கரைந்து, சாறு பளபளப்பாகக் கெட்டிப்படும். இன்னொன்று, கறியை எடுத்த பிறகு சாற்றை வாணலிக்கு மாற்றி, மேலே மிதக்கும் கொழுப்பை அள்ளிவிட்டு, கால்வாசி சுண்டவைத்து, இரண்டு டம்ளர் சாறுக்கு ஒன்றரை மேசைக்கரண்டி மரவள்ளி மாவைக் குளிர்ந்த தண்ணீரில் கரைத்து ஊற்றுவது. கெட்டியானதும் உடனே இறக்குங்கள். தொடர்ந்து கொதித்தால் கோந்து மாதிரி இழுக்கும். எனக்கு இரண்டாவது வழிதான் பிடிக்கும், ஏனென்றால் சுண்டும்போது சாறின் ருசி செறிவாகிறது.

நம்ம ஊர் மசாலா போடலாமா, ரோஸ்மேரி, தைம் எல்லாம் வாங்கியே ஆக வேண்டுமா?

தேவையே இல்லை. ஆங்கிலோ இந்தியர் வீடுகளில் பாட் ரோஸ்ட் பல தலைமுறையாக இருக்கிறது. முழு மிளகு, காய்ந்த மிளகாய், பட்டை, கிராம்பு, கொஞ்சம் வினிகர். மேலே நான் கொடுத்ததும் அந்த வழிதான். கரம் மசாலாவை அள்ளிப் போட்டால் குழம்பாகிவிடும். பட்டையும் கிராம்பும் நெடுநேர வேக்காட்டில் தூக்கிக்கொண்டு வரும், அதனால் வழக்கத்தில் பாதி போதும்.

மிளகுக்கு நாம் எங்கும் போக வேண்டாம். ஏற்காட்டுக் காப்பித் தோட்டங்களில் நிழல் மரத்துக்கு மரம் மிளகுக்கொடிதான் ஏறியிருக்கிறது. முழு மிளகை ஆரம்பத்தில் போடுங்கள். ஆனால் பத்து மணி நேரத்தில் அதன் காரம் நிற்கும், மணம் போய்விடும். அதனால் பரிமாறும் முன்பு அரைத் தேக்கரண்டி புதிதாக இடித்துத் தூவுங்கள்.

மலையில் இருப்பவர்களுக்கு இன்னொரு யோசனை. தண்ணீருக்குப் பதில் அரை டம்ளர் காப்பி டிகாஷன் விடுங்கள். காப்பி ருசி தனியாகத் தெரியாது. கறியின் வறுத்த மணம் ஒரு படி கூடும். சிக்கரி கலக்காத தூளாக இருக்க வேண்டும், இல்லையென்றால் கசப்பு தங்கும்.

செய்முறைகளில் வரும் வூஸ்டர்ஷயர் சாஸ் இல்லாவிட்டால்? அதிலேயே புளி இருக்கிறது. நெல்லிக்காய் அளவில் பாதிப் புளியைக் கரைத்து, ஒரு தேக்கரண்டி சோயா சாஸ், துளி வெல்லம் சேர்த்துக் கடைசியில் விடுங்கள். போதும்.

சீக்கிரம் வேகப் பப்பாளிக்காய் தடவலாமா?

மட்டன் சுக்காவுக்குத் தடவுங்கள். இதற்கு வேண்டாம். பப்பாளிப் பாலில் இருக்கும் நொதி 60, 70 டிகிரி சூட்டில்தான் மும்முரமாக வேலை செய்யும். ஸ்லோ குக்கரில் கறி அந்தச் சூட்டை மெதுவாகக் கடப்பதால் நொதிக்கு நிறைய நேரம் கிடைத்து, மேற்புறம் களியாகிவிடும். நடுப்பகுதிக்கு அது போய்ச் சேரவே சேராது.

நடுவில் கரண்ட் போனால் கறியைத் தூக்கிப் போட வேண்டுமா?

மாதாந்திரப் பராமரிப்பு என்று காலை 9 மணிக்கு நிறுத்தி மதியம் 2 மணிக்குக் கொடுக்கிற நாளில் இதை வைக்காதீர்கள், முதல் விஷயம். அறிவிப்பு முன்னாடியே வந்துவிடும்.

திடீரென்று போனால், நீங்கள் வீட்டில் இருந்தால், கவலையில்லை. உள்ளிருப்பதைக் கனமான பாத்திரத்துக்கோ பிரஷர் குக்கருக்கோ மாற்றி கேஸில் தொடருங்கள். நீங்கள் வெளியே போயிருந்த நேரத்தில் எவ்வளவு நேரம் கரண்ட் இல்லை என்றே தெரியாவிட்டால், கறி வெந்த மாதிரி இருந்தாலும் கொட்டிவிடுவதுதான் பாதுகாப்பு. 60 டிகிரிக்குக் கீழே இரண்டு மணி நேரத்துக்கு மேல் கிடந்த கறியில் கிருமிகள் பெருகும். சில கிருமிகள் விடும் நஞ்சு மறுபடி கொதிக்கவைத்தாலும் போகாது.

வாங்கும்போதே திருகு சுவிட்ச் வைத்த மாடலாகப் பாருங்கள். கரண்ட் வந்ததும் விட்ட இடத்திலிருந்து தானே ஓடும். டிஜிட்டல் மாடல்கள் பலவும் கரண்ட் போய் வந்தால் அணைந்தே நிற்கும், நீங்கள் தூங்கி எழுந்து பார்க்கும்வரை.

அமெரிக்காவிலிருந்து தங்கை குக்கர் கொண்டுவந்து கொடுத்தாள். பிளக் அடாப்டர் போட்டுச் செருகலாமா?

கூடாது! அடாப்டர் பின்னின் வடிவத்தை மட்டும்தான் மாற்றும். அந்தக் கருவி 120 வோல்ட்டுக்கு; நம் வீட்டில் வருவது 230. சூடு ஏறக்குறைய மூன்றே முக்கால் மடங்காகும். சில நிமிடங்களில் கம்பி எரியும், பீங்கான் விரியும். வோல்டேஜைக் குறைக்கும் டிரான்ஸ்ஃபார்மர் வேண்டும். குக்கரின் அடியில் எத்தனை வாட் என்று இருக்கும். பெரும்பாலும் 250-ஐ ஒட்டி. அதைப் போல இரண்டு மடங்கு, அதாவது 500 வாட் தாங்கும் டிரான்ஸ்ஃபார்மராக வாங்குங்கள். பத்து மணி நேரம் விடாமல் ஓட வேண்டும் என்று கடையில் சொல்லியே கேளுங்கள். அந்தச் செலவுக்கு இங்கேயே ஒரு குக்கர் வாங்கிவிடலாம் என்று தோன்றினால், அதுவும் நியாயம்தான். தங்கையிடம் சொல்ல வேண்டாம்.

ஸ்லோ குக்கரே இல்லை. பிரஷர் குக்கரில் வருமா?

தாராளமாக. மலையில் இருப்பவர்களுக்கு இதுவே சுலபம், ஏனென்றால் பிரஷர் குக்கருக்குள் சூடு 115 டிகிரியைத் தாண்டிவிடும், உயரப் பிரச்சினை இல்லை. அதேபோல வறுத்து, ஒன்றரை டம்ளர் தண்ணீர் விட்டு, முதல் விசில் வந்ததும் தீயைச் சிம்மில் வைத்து 50 நிமிடம் முதல் ஒரு மணி நேரம். ஆவி தானாக அடங்கட்டும். வெயிட்டைத் தூக்கி விட்டால் கறிக்குள் இருக்கும் சாறு சட்டென்று கொதித்து வெளியேறி நார் வறண்டுவிடும். காய்கறியைப் பிறகு அந்தச் சாறில் தனியாக வேகவையுங்கள். ஸ்லோ குக்கரைவிட வெகு சீக்கிரம் வேலை முடியும். ருசியில் பெரிய குறை இல்லை. கறி கொஞ்சம் கூடுதலாக உதிரும், துண்டு போட்டுப் பரிமாறும் அழகு குறையும்.

எலக்ட்ரிக் ரைஸ் குக்கரின் 'வார்ம்' நிலையில் வைக்கலாமா என்றும் கேட்கிறார்கள். கூடாது. அது வெந்ததைச் சூடாக வைத்திருக்க மட்டும்.

ராஜ்மா சேர்க்கலாமா?

ஊறவைத்த ராஜ்மாவை அப்படியே போடாதீர்கள். சிவப்பு ராஜ்மாவில் இயற்கையாகவே ஒரு நச்சுப் புரதம் இருக்கிறது. பத்து நிமிடமாவது தளதளவென்று கொதித்தால்தான் அழியும். ஸ்லோ குக்கரின் இளஞ்சூட்டில் அழியாது. தனியே கொதிக்கவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டுச் சேருங்கள். வேடிக்கை என்னவென்றால், இந்தக் குக்கர் பிறந்ததே பீன்ஸுக்காகத்தான். சிகாகோவில் இருந்த இர்விங் நாக்ஸன், லிதுவேனியாவில் தன் அம்மாவின் ஊரில் யூதர்களின் ஓய்வுநாளுக்கு முந்தின மாலை பீன்ஸும் கறியும் போட்ட பானையை ரொட்டிக்கடை அடுப்பில் இரவெல்லாம் வைத்துவிடுவார்கள் என்ற கதையைக் கேட்டு வளர்ந்தவர். 1940-ல் காப்புரிமை பெற்றார். 1971-ல் ரைவல் நிறுவனம் அதைக் 'க்ராக் பாட்' என்ற பெயரில் விற்கத் தொடங்கிய பிறகுதான் வீட்டுக்கு வீடு போனது.

பத்து மணி நேரம் ஓடினால் கரண்ட் பில் ஏறாதா?

'லோ'வில் 200 வாட் என்று வைத்தால் பத்து மணி நேரத்துக்கு 2 யூனிட். அவ்வளவுதான்.

நாங்கள் மாட்டுக்கறி சாப்பிடுவதில்லை. ஆட்டுக்கறியில் செய்யலாமா?

செய்யலாம். எலும்போடு முழுச் சப்பை ஒன்றை வெட்டாமல் வாங்குங்கள். 'லோ'வில் ஆறு ஏழு மணி நேரம் போதும். கோழி வேண்டாம், பிராய்லருக்கு இவ்வளவு நேரம் தாங்காது.

மிச்சத்தை எப்படி வைப்பது, என்ன செய்வது?

குக்கரிலேயே விட்டு ஆறவைக்காதீர்கள். கனமான பீங்கான் மணிக்கணக்கில் வெதுவெதுப்பாகவே இருக்கும். அகலமான பாத்திரத்துக்கு மாற்றி, இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வையுங்கள். மூன்று நான்கு நாள் தாங்கும். மறுநாள் கொழுப்பு மேலே வெள்ளையாக உறைந்திருக்கும், சுலபமாக எடுத்துவிடலாம். குளிர்ந்த கறி மெல்லிசாக, உடையாமல் வெட்ட வரும். விருந்தாளி வருகிற நாளுக்கு முந்தின நாளே சமைத்துவிடுவது உத்தமம்.

மிச்சத்தைப் பிய்த்து, தேங்காய்ச் சில்லு, கறிவேப்பிலை, இடித்த மிளகோடு இரும்பு வாணலியில் சுருளப் புரட்டினால் பரோட்டாவுக்குப் போதும். சேலத்துக்காரர்களுக்கு ஒரு குறும்பு: தட்டுவடை செட்டுக்குள் கேரட், பீட்ரூட் துருவலோடு ஒரு ஸ்பூன் இந்தக் கறியை வைத்துப் பாருங்கள். செட்டுக் கடை அண்ணா கோபித்துக்கொள்வார், வீட்டில் செய்துகொள்ளுங்கள்.

பீங்கான் பாத்திரத்தைக் கழுவும்போது கவனிக்க வேண்டியது ஏதாவது உண்டா?

சூடாக இருக்கும்போது பச்சைத் தண்ணீர் ஊற்றினால் விரிசல் விடும். அதேபோல ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த பாத்திரத்தை நேராகச் சூட்டில் வைக்காதீர்கள். ஆறினதும் வெந்நீர் ஊற்றி அரை மணி ஊறவிட்டுத் தேய்த்தால் அடியில் ஒட்டியது தானே வந்துவிடும்.